சிசிலியில் மரம் செடி பழக ஐப்பசியில் தொடங்குங்கள்

ஜூலையில் இத்தாலியின் சிசிலித் தீவுக்கு வந்து இறங்குகிறவர்கள் எல்லாரும் ஒரே தப்பைத்தான் செய்கிறார்கள். நானும் செய்தேன். விமான நிலையத்திலிருந்து பலேர்மோவுக்கு வரும் வழியெல்லாம் மொட்டை மலை, காய்ந்த புல், தூசி படிந்த புதர். இங்கே ஒன்றும் முளைக்காது போல என்று நினைத்துக்கொண்டேன். நகருக்குள் நுழைந்ததும் காகிதப்பூ, அரளி, ஆமணக்கு, சப்பாத்திக் கள்ளி. அட, எல்லாம் நம் ஊர்ச் செடிகள் என்று அடுத்த நினைப்பு. இரண்டும் தப்பு. மொட்டையாகத் தெரிந்த மலையில் நூற்றுக்கணக்கான செடிகள் தூங்கிக்கொண்டிருந்தன. தெரிந்த முகம் காட்டியவற்றில் சில நம் ஊருக்கும் வந்தேறிகள், சிசிலிக்கும் வந்தேறிகள். காகிதப்பூ தென்னமெரிக்காவிலிருந்து வந்தது, கள்ளி மெக்சிகோவிலிருந்து.

இந்தத் தீவில் தானாக வளரும் செடிகள் மட்டும் ஏறத்தாழ 3,000 வகை. பயப்பட வேண்டாம். நாற்பது ஐம்பது தெரிந்தால் போதும், பேருந்து ஜன்னலே புத்தகமாகிவிடும். நான் தாவரவியல் படித்தவன் இல்லை. தட்டுத் தடுமாறிக் கற்றதை, திரும்பத் தொடங்கினால் எந்த வரிசையில் கற்பேனோ அந்த வரிசையில் எழுதுகிறேன்.

முதலில் நாள்காட்டியை மாற்றுங்கள்

ஐரோப்பா என்றதும் வசந்தம், கோடை, இலையுதிர்காலம், பனி என்று பள்ளிக்கூடப் படம் ஒன்று மனதில் வரும். அதை எடுத்து ஓரமாக வையுங்கள். இங்கே மழை அக்டோபரில் தொடங்கி மார்ச், ஏப்ரல் வரை விட்டுவிட்டுப் பெய்யும். ஜூன் முதல் ஆகஸ்ட் வரை அநேகமாகச் சொட்டுகூட விழாது. வெயில் இருக்கும்போது ஈரம் இல்லை, ஈரம் இருக்கும்போது வெயில் குறைவு. அதனால் செடிகள் கோடையில் உறங்கி, மழையில் விழிக்கின்றன. ஜெர்மனியிலிருந்து வருகிறவருக்கு இது தலைகீழாகத் தெரியும். வடகிழக்குப் பருவமழையில் வளர்ந்தவருக்கு அப்படித் தெரியக் கூடாது. தஞ்சாவூரிலும் யாழ்ப்பாணத்திலும் ஐப்பசியில் மண் மணக்கும் அதே வாரங்களில்தான் இங்கேயும் மண் மணக்கும். ஆடிப்பட்டம் மட்டும் இங்கே செல்லாது.

ஆண்டு எப்படி ஓடுகிறது என்று சொல்கிறேன். ஆகஸ்ட் கடைசியில், கட்டாந்தரையைப் பிளந்துகொண்டு, இலையே இல்லாத ஒரு தண்டு இடுப்புயரத்துக்கு வெள்ளைப் பூக்களோடு நிமிரும். அது கடல் வெங்காயம், நம் நரிவெங்காயத்துக்கு நெருங்கிய சொந்தம். மழை வரும் முன்பே மணியடிக்கும் செடி. பலேர்மோவில் வாழும் இலங்கைத் தமிழர்கள் பலர் பெல்லெக்ரினோ மலைமேல் இருக்கும் சாந்தா ரொசாலியா குகைக் கோயிலுக்கு ஏறிப் போவார்கள். செப்டம்பர் 4 அவளுடைய திருநாள். அந்த நாட்களில் மலை ஏறுகிறவர்கள் பாதையோரச் சரிவுகளைப் பார்த்துக்கொண்டே போங்கள்.

அக்டோபர், நவம்பரில் ஆலிவ் பறிப்பு. டிசம்பரிலிருந்து வயல் வரப்பெல்லாம் எலுமிச்சை மஞ்சளில் ஒரு பூ விரியும். இலையைப் பார்த்தால் புளியாரை என்று நமக்கு உடனே தெரிந்துவிடும். அதே இனம், ஆனால் தென்னாப்பிரிக்காவிலிருந்து வந்து ஒட்டிக்கொண்டது. ஜனவரி கடைசியிலும் பிப்ரவரியிலும் பாதாம் பூக்கும். அக்ரிஜென்டோ பக்கத்துக் கிரேக்கக் கோயில்களுக்கு இடையே அதைப் பார்க்க வேண்டும். மார்ச்சும் ஏப்ரலும் உச்சம். மே கடைசியில் கடை கட்டத் தொடங்குகிறார்கள். ஜூலையில் மறுபடியும் மொட்டை.

ஆகவே காட்டுப் பக்கம் முதல் நடை அக்டோபருக்கு அப்புறம். ஜூலையில் வந்துவிட்டீர்களா? சரி, அதுவரை தெருவும் சந்தையும் போதும்.

இதை இங்கே வைத்தது யார்?

எந்தச் செடியைப் பார்த்தாலும் பெயரைக் கேட்பதற்கு முன் இந்தக் கேள்வியைக் கேளுங்கள். மூன்று பதில்தான் உண்டு. தானாக வந்தது, விவசாயி வைத்தது, அழகுக்காக யாரோ வைத்தது. பெயர் மறந்துபோகும், இந்தப் பதில் மறக்காது.

கண்டுபிடிக்க ஓர் எளிய சோதனை உண்டு. ஆகஸ்ட் நடுவில் இலையைத் தொட்டுப் பாருங்கள். சிறியதாக, தோல் போலத் தடித்து, மெழுகோ மென்மயிரோ பூசி, கசக்கினால் வாசனை அடித்தால் அது பெரும்பாலும் இந்த மண்ணின் செடி. தண்ணீரைக் காப்பாற்றத்தான் அத்தனை வேடமும். மாறாக, அகன்று மெலிந்த இலை பச்சைப் பசேல் என்று இருந்தால் யாரோ தண்ணீர் ஊற்றுகிறார்கள். விதிவிலக்குகள் உண்டு. சாலையோரத்து ஆமணக்குக்கு யாரும் ஊற்றுவதில்லை. அது சிறு மரமாகவே நிற்கிறது.

விவசாயி வைத்தவற்றுக்குப் பின்னால் வரலாறு அடுக்கடுக்காக இருக்கிறது. ஆலிவும் திராட்சையும் பழைய கிரேக்கக் குடியேற்றங்களோடு பெருகியவை. 9ஆம் நூற்றாண்டில் வந்த அரபு ஆட்சி எலுமிச்சை, கசப்பு ஆரஞ்சு, கரும்பு என்று கொண்டுவந்தது, கூடவே நீர்ப்பாசனத்தையும் கற்றுக்கொடுத்தது. தோட்டத்துத் தண்ணீர்த் தொட்டியை இன்றும் ஜெப்பியா என்கிறார்கள், வாய்க்காலைச் சாயா என்கிறார்கள், எலுமிச்சைப் பூவை ஸாகரா என்கிறார்கள். மூன்றுமே அரபு வேர்ச் சொற்கள். சப்பாத்திக் கள்ளியும் தக்காளியும் அமெரிக்காவிலிருந்து ஸ்பானியர் காலத்தில் வந்தவை. நகரத்து அலங்கார மரங்களில் பல 18, 19ஆம் நூற்றாண்டுத் தாவரவியல் ஆசையால் வந்தவை.

தெருவில் ஆரம்பிப்போம்

பலேர்மோவில் வில்லா ஜூலியா பூங்காவுக்குப் பக்கத்தில், பல்கலைக்கழகத்தின் தாவரவியல் தோட்டம் இருக்கிறது. 1795இல் திறந்தது, சுமார் 10 ஹெக்டேர். முதல் வாரமே ஒரு காலை நேரத்தை இதற்கு ஒதுக்குங்கள். மரத்துக்கு மரம் பெயர்ப் பலகை இருப்பதால் யாரையும் கேட்க வேண்டியதில்லை. உள்ளே விழுது விட்ட ஒரு பிரமாண்ட மரம் நிற்கும். ஆலமரம் என்று கை எடுத்துக் கும்பிடத் தோன்றும். ஆல் குடும்பம்தான், ஆனால் ஆஸ்திரேலியப் பக்கத்து வகை, 1845இல் இங்கே வைத்தது. நகரத்தில் இந்த வகை எங்கே பார்த்தாலும் இதன் வாரிசாக இருக்க வாய்ப்பு அதிகம். பியாட்சா மரீனாவில் 1860களில் அமைத்த கரிபால்தி பூங்காவிலும் அப்படி ஒன்று இருக்கிறது. நிழலில் ஒரு கல்யாணப் பந்தியே போடலாம்.

அப்புறம் தெருவில் நான்கு மரங்களைப் பழகுங்கள். ஒன்று, தண்டெல்லாம் கூம்பு முள் வைத்து, வயிறு பெருத்து, செப்டம்பர், அக்டோபரில் இளஞ்சிவப்பாகப் பூக்கும் கொரீசியா. காய் வெடித்துப் பஞ்சு பறக்கும்போது தெரிந்துவிடும், நம் இலவ மரத்தின் இனம். இரண்டு, மே கடைசியில் ஊதாக் குடை பிடிக்கும் ஜகரண்டா. மூன்று, பொமேலியா. பலேர்மோக்காரர்கள் தங்கள் நகரத்துப் பூ என்று கொண்டாடுவது இதைத்தான். பெயர் கேட்டு ஏதோ புதிது என்று தேடிப்போனால், பால்கனித் தொட்டியில் நிற்பது ஈழத்தலரி! இதற்கும் தாயகம் மத்திய அமெரிக்கா. நான்காவது, கேனரித் தீவுப் பேரீச்சை. அதன் கதை சோகமானது. 2005 வாக்கில் ஒரு வண்டு சிசிலிக்கு வந்து ஆயிரக்கணக்கான மரங்களைச் சாய்த்தது. தென்னை வைத்திருக்கிறவர்களுக்கு அந்த வண்டைத் தெரியும், சிவப்புக் கூன்வண்டு. தெற்காசியாவிலிருந்து பயணம் செய்த வண்டு. குருத்து குடை மடங்கியதுபோல் தொங்கும் பேரீச்சையைப் பார்த்தால் கீழே நிற்காதீர்கள்.

சந்தையில் கற்பது சுலபம்

காய்கறி வாங்கும்போது கேள்வி கேட்டால் யாரும் சலித்துக்கொள்ள மாட்டார்கள். பலேர்மோவின் பல்லரோ சந்தையில் கோடையில் ஒரு கை நீளத்துக்கு மேல் வெளிர்பச்சைக் காய் அடுக்கியிருக்கும். குக்குத்ஸா என்பார்கள். நம் சுரைக்காய்தான், பாம்புபோல் நீண்ட வகை. அதன் கொழுந்தும் இளம் இலையும் கட்டுக்கட்டாகத் தனியே விற்கும், பெயர் தெனெரூமி. பூண்டும் தக்காளியும் போட்டு, உடைத்த ஸ்பகெட்டியோடு ரசம் மாதிரிக் கொதிக்க வைப்பார்கள். சுரைக் கொழுந்தைக் குப்பையில் போட்டுப் பழகியவர்கள் ஒருமுறை சாப்பிட்டுப் பாருங்கள்.

குளிர்காலத்தில் அதே சந்தை ஆர்ட்டிசோக் எனும் கூனைப்பூவுக்கு மாறும். அதன் காட்டு மூதாதையை முள்ளோடு வயல் ஓரத்தில் பார்க்கலாம். பிப்ரவரி, மார்ச்சில் மெல்லிய குச்சிபோல் காட்டு அஸ்பராகஸ் வரும். தண்ணீர்விட்டான் கிழங்கின் இனம், செடியைப் பார்த்தால் அதே முள், அதே கொடித்தனம்.

கேப்பர் பற்றிக் கொஞ்சம் கூடுதலாகச் சொல்ல வேண்டும். உப்பில் புதைத்த பச்சை மொக்கு. பாந்தெல்லேரியா, சலீனா ஆகிய சிறு தீவுகளினது பெயர்போனது. செடி பழைய சுவர்களின் இடுக்கிலிருந்து, மண்ணே இல்லாமல், கல்லைக் குடித்து வளர்வதுபோல் தொங்கும். மே முதல் ஆகஸ்ட் வரை, சில நாட்களுக்கு ஒருமுறை, வெயில் ஏறும் முன் குனிந்து குனிந்து மொக்கைப் பறிக்கிறார்கள். மொக்கு சிறிதாக இருந்தால் விலை அதிகம். பறிக்க விட்டுப்போனது வெள்ளைப் பூவாகி ஊதா மகரந்தத் தாள்களை விரிக்கும், அதிலிருந்து காய் வரும், அதையும் ஊறவைப்பார்கள். ஆதொண்டங்காய் வற்றல் போட்ட வீட்டில் பிறந்தவர்களுக்கு இது புதிய உணவே இல்லை. ஒரே பேரினம், அதே கசப்பு, அதே உப்பு.

தோட்டங்கள்

சிசிலியில் ஜார்தீனோ என்று கிராமத்தார் சொன்னால் பூந்தோட்டம் என்று நினைக்காதீர்கள், எலுமிச்சை ஆரஞ்சுத் தோப்பைத்தான் சொல்கிறார்கள். இங்கே கற்க நிறைய இருக்கிறது, அதனால் நிதானமாகப் போவோம்.

முதலில் கசப்பு ஆரஞ்சைத் தனியே பிரித்தறியுங்கள். இலைக்காம்பில் சின்ன இறக்கை அகலமாக இருக்கும், பழத்தோல் கரடாக இருக்கும், தெருவில் பறிப்பாரற்று உதிர்ந்து கிடக்கும். நம் நார்த்தங்காய் போலவே ஊறவைக்கவும் மர்மலேடு செய்யவும் மட்டும் ஆகும். ஆரஞ்சுக்கு இத்தாலியில் அரான்ச்சா என்று பெயர். அரபு நாரஞ்ச், பாரசீக நாரங்க், வடமொழி நாரங்க என்று பின்னோக்கிப் போனால், நம் நாரத்தைக்கு உறவான ஒரு திராவிடச் சொல்லில் போய் நிற்கும் என்பது பல மொழியியலாளர்களின் கருத்து. தோப்புக்குள் நிற்கும்போது இது நினைவுக்கு வந்தால் நன்றாகத்தான் இருக்கிறது.

அடுத்தது ரத்த ஆரஞ்சு. மோரோ, தரோக்கோ, சங்குயினெல்லோ என்று மூன்று வகை, எட்னா மலைக்குக் கீழே கத்தானியா சமவெளியில் விளைவது. உள்ளே சிவக்கக் காரணம் சாயமும் இல்லை, ஒட்டும் இல்லை. குளிர்காலத்தில் பகல் இதமாகவும் இரவு நன்றாகக் குளிர்ந்தும் இருந்தால்தான் பழத்தில் அந்தச் சிவப்பு நிறமி ஊறும். அதனால் டிசம்பர் தொடக்கத்தில் வாங்கினால் வெளுப்பாகவும் பிப்ரவரியில் வாங்கினால் அடர் சிவப்பாகவும் கிடைக்கலாம். வியாபாரியைத் திட்டாதீர்கள்.

எலுமிச்சையில் ஒரு தந்திரம் இருக்கிறது. கோடையில் எலுமிச்சைக்கு விலை அதிகம், ஆனால் மரம் அப்போது காய்க்காது. அதனால் ஜூன், ஜூலையில் வேண்டுமென்றே தண்ணீரை நிறுத்தி மரத்தை வாட விடுவார்கள். இலை சுருண்டதும் ஒரே மூச்சில் நிறையத் தண்ணீர் விடுவார்கள். மரம் பிழைத்தேன் என்று பதறி ஆகஸ்ட், செப்டம்பரில் பூக்கும். அந்தக் காய் அடுத்த கோடையில் பச்சையாகப் பறிக்கத் தயார். பெயர் வெர்தெல்லி. ஜூலையில் ஒரு தோப்பு வாடிக்கிடந்தால் விவசாயி சோம்பேறி என்று முடிவுகட்ட வேண்டாம்.

சப்பாத்திக் கள்ளியிலும் இதே மாதிரி மூளை வேலை உண்டு. இத்தாலிக்காரர்கள் அதை ஃபீக்கோ திந்தியா, அதாவது இந்திய அத்தி என்று அழைக்கிறார்கள். கொலம்பஸ் இந்தியா என்று நினைத்துப் போன இடத்திலிருந்து வந்ததால் பெயர் நம் தலையில் விழுந்தது. இந்தியரா என்று தெரிந்ததும் யாராவது இந்தப் பழத்தைப் பற்றி உங்களிடம் விசாரிப்பார்கள், தயாராக இருங்கள். மே கடைசியிலிருந்து ஜூன் வரை முதல் பூக்களை எல்லாம் தட்டி உதிர்த்துவிடுகிறார்கள். செடி மறுபடி பூக்கும். அந்த இரண்டாம் காய் மழையைக் குடித்து அக்டோபருக்கு மேல் பழுக்கும். பெரியது, சாறு அதிகம், விதை குறைவு. அதற்குப் பஸ்தார்தோனி என்று பெயர். வாங்கினால் இதை வாங்குங்கள். வெறுங்கையால் தொடாதீர்கள், பெரிய முள் இல்லை என்று ஏமாந்தால் கண்ணுக்குத் தெரியாத பூமுள் இரண்டு நாள் விரலில் இருக்கும். முள்கரண்டியால் குத்திப் பிடித்து, இரு முனையையும் வெட்டி, நடுவே ஒரு கீறல் போட்டால் தோல் சட்டை மாதிரிக் கழன்று வரும். நாலுக்கு மேல் சாப்பிட்டால் மறுநாள் வயிறு கட்டிக்கொள்ளும்.

ஆலிவை அடையாளம் காண்பது சுலபம். இலைகள் எதிரெதிராக இருக்கும், மேலே சாம்பல் பச்சை, கீழே வெள்ளி. காற்றடித்தால் மரமே நிறம் மாறும். மல்லிகையும் பவளமல்லியும் இதே குடும்பம் என்றால் நம்பக் கஷ்டம். மே மாதம் அந்தச் சின்ன வெள்ளைப் பூவைக் கிட்டே போய்ப் பாருங்கள். கட்டையாய், முள்ளாய், பொடிக்காயோடு பாறை இடுக்கில் நின்றால் அது காட்டு ஆலிவ். ஊறுகாய் ஆலிவுக்கு நொச்செல்லாரா தெல் பெலீச்சே என்று கேட்டு வாங்கலாம். மரத்திலிருந்து நேராகப் பறித்து வாயில் போட்டுவிடாதீர்கள், எல்லாரும் ஒருமுறை செய்வது, வேப்பங்காயே தேவலை என்று ஆகிவிடும்.

ராகூசா, மோதிகா பக்கம் போனால் கல்வேலிகளுக்கு நடுவே குடைபோல் கரும்பச்சை மரம் தனித்தனியாக நிற்கும். கர்ரூபா. பூ கிளையிலும் தண்டிலும் நேராக வெடிக்கும், பலா மாதிரி. காய் புளியங்காய்க்கு அண்ணன் போல் நீளமாக, கறுப்பாக, இனிப்பாக இருக்கும். வைரம் எடை போடும் காரட் என்ற சொல் இதன் விதையிலிருந்து வந்தது. நம் பக்கம் குன்றிமணி செய்த வேலையை அங்கே இந்த விதை செய்தது. ஒரே எடை இருக்கும் என்று நம்பினார்கள். உண்மையில் மற்ற விதைகளைப் போலத்தான் கூடக்குறைய இருக்கும்.

காட்டுக்குப் போகும் நாள்

மார்ச் கடைசியில் ஒரு நாள் ஸிங்காரோ காப்பகத்துக்குப் போங்கள். ஸ்கொப்பெல்லோவுக்கும் சான் வீத்தோ லோ காப்போவுக்கும் இடையே கடலை ஒட்டி ஏழு கிலோமீட்டர் நடைபாதை. 1980இல் அங்கே சாலை போடுவதற்கு எதிராக மக்கள் திரண்டு நடந்தார்கள். 1981இல் சிசிலியின் முதல் இயற்கைக் காப்பகம் ஆனது. இன்றும் கார் போக வழியில்லை. தண்ணீர், தொப்பி, நல்ல செருப்பு. எதையும் பறிக்கக் கூடாது, காப்பகம்.

இங்கே பார்க்கும் இடுப்புயரப் புதர்க்காட்டுக்கு மாக்கியா என்று பெயர். தெரியாத பெயர்களை மனப்பாடம் செய்வதைவிட, தெரிந்த குடும்பத்தின் முகச்சாயலைப் பிடிப்பது சுலபம். முதலில் ஜும்மாரா, குட்டைப் பனை. இத்தாலியில் தானாக வளரும் ஒரே பனை இது, பெரும்பாலும் முழங்கால் உயரம்தான். ஓலையில் துடைப்பமும் கூடையும் கயிறும் செய்தார்கள். பனையோலைக் கொட்டானைப் பார்த்தவர்களுக்கு விளக்கம் தேவையில்லை. அடுத்து லெந்திஸ்கோ. இலையைக் கசக்கி முகருங்கள், மாங்காய்ப் பால் வாடைக்குச் சொந்தமான ஒரு பிசின் மணம். மா, முந்திரி, பிஸ்தா, இது எல்லாம் ஒரே குடும்பம். மீர்தோ என்ற புதரின் இலையை வெயிலுக்கு நேரே பிடித்துப் பாருங்கள், ஊசிக்குத்துப் புள்ளிகள் தெரியும். கொய்யா இலையிலும் அப்படித் தெரியும். கொய்யா, நாவல் குடும்பம்தான் இதுவும். குடைபோல் வட்டமாக நின்று, மே மாதம் செம்மஞ்சளாகி, கோடையில் இலை முழுவதையும் உதிர்த்துவிடும் புதர் நம் சதுரக்கள்ளிக் குடும்பத்து யூஃபோர்பியா. கிள்ளினால் பால் வரும். கிள்ளாதீர்கள், கண்ணில் பட்டால் அன்றைய நடை அத்தோடு முடிந்தது.

ரோஸ்மேரி, தைம், சிஸ்டஸ் எல்லாம் வாசனையாலேயே தங்களை அறிமுகப்படுத்திக்கொள்ளும், விட்டுவிடுகிறேன்.

வாயில் வைப்பதற்கு முன்

என் முதல் ஏப்ரலில் சாலையோரம் ஆளுயரத்துக்கு மஞ்சள் குடைப்பூவோடு நின்ற செடியைச் சோம்புச் செடி என்று நினைத்து ஒரு கட்டுக் கீரை பறித்து வந்தேன். மத்தி மீன் போட்ட பாஸ்தாவுக்குக் காட்டுச் சோம்புக் கீரை வேண்டும், கடையில் ஏன் வாங்க வேண்டும் என்ற கணக்கு. நல்லவேளை, வழியில் காய்கறி விற்கும் ஒருவர் கட்டைப் பார்த்துவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டார். நான் பறித்தது ஃபேருலா. பெருங்காயச் செடியின் இனம், ஆடுமாடுகள் தின்று சாகும் அளவுக்கு நஞ்சு. வித்தியாசம் மூக்கில் இருக்கிறது. காட்டுச் சோம்பைக் கசக்கினால் சோம்பு மணம் அடித்தே தீரும். அந்த மணம் இல்லையென்றால் கீழே போடுங்கள்.

இதைவிட ஆபத்தானது மந்திராகோரா. மழைக்குப் பின் தரையோடு தரையாக வட்டமாக இலை விரித்து, நடுவில் ஊதாப் பூ வைக்கும். கீரை பறிக்கும் காலத்தில் கீரைக்கு நடுவிலேயே வளரும். 2022 அக்டோபரில் நேப்பிள்ஸ் பக்கத்தில் பசலை வகைக் கீரையோடு இது கலந்துபோய்ச் சிலர் மருத்துவமனையில் சேர வேண்டியிருந்தது. உள்ளூர்க்காரர்களுக்கே அந்தக் கதி. அரளியும் ஆமணக்கு விதையும் விஷம் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை, குழந்தைகளுக்கு மட்டும் சொல்லிவையுங்கள்.

பிளான்ட்நெட் போன்ற செயலிகள் பெயர் தேட நன்றாக உதவும். சமையலுக்கு மட்டும் செயலியை நம்பாதீர்கள். முதல் இரண்டு ஆண்டு காட்டுக்கீரை வேண்டுமென்றால் சந்தையில் காசு கொடுத்து வாங்குவதே நல்லது.

ஒரு நோட்டு

ஒவ்வொரு செடிக்கும் மூன்று பெயர் எழுதுங்கள்: சிசிலிப் பேச்சுப் பெயர், இத்தாலியப் பெயர், அறிவியல் பெயர். சந்தைக்கு முதலாவது, நர்சரிக்கு இரண்டாவது, சந்தேகம் தீர மூன்றாவது. தமிழில் அதற்கு ஒரு சொந்தக்காரன் இருந்தால் நான்காவதாக அதையும் எழுதுங்கள். சிராகூசா பக்கத்துச் சியானே ஆற்றங்கரையில் பாப்பிரஸ் நாணல் காடாக நிற்பதைப் பார்த்து என் நோட்டில் "கோரை" என்று எழுதினேன். வேடிக்கை இல்லை, பாய் முடையும் கோரையும் அதுவும் ஒரே பேரினம். பெயரோடு தேதி, இடம், பூத்ததா காய்த்ததா என்பதையும் எழுதினால் இரண்டாம் ஆண்டில் அந்த நோட்டு நாள்காட்டியாகிவிடும்.

எட்னா, ஒரு நாள் முழுக்க

அடிப்படை பிடிபட்டதும் ஜூன் கடைசியில் எட்னாவுக்குப் போங்கள். கீழே எல்லாம் காயும்போது மேலே பூக்காலம். 3,300 மீட்டருக்கு மேல் உயர்ந்த எரிமலை அது. ஒரே நாளில் கடலோரத்திலிருந்து பனிநாடு வரை ஏறிவிடலாம். அடியில் எலுமிச்சைத் தோப்பு. மேற்குச் சரிவில் ப்ரோந்தே ஊரின் பிஸ்தா, எரிமலைக் கல்லுக்கு நடுவே, காட்டுப் பிஸ்தா இனத்தில் ஒட்டுக்கட்டியது. ஒற்றைப்படை ஆண்டுகளில் மட்டும் அறுவடை. இரட்டைப்படை ஆண்டில் மொக்கைக் கிள்ளி மரத்துக்கு ஓய்வு கொடுக்கிறார்கள். பச்சை நிறத்தில் எது கிடைத்தாலும் ப்ரோந்தே பிஸ்தா என்று விற்கும் கடைகளில் ஜாக்கிரதை.

கிழக்குச் சரிவில் சாந்தல்ஃபியோவில் 'நூறு குதிரை மரம்' என்று பெயர் பெற்ற ஒரு செஸ்நட். 2,000 ஆண்டுக்கு மேல் வயது என்கிறார்கள். அதற்கும் மேலே எட்னாவுக்கே உரிய வெள்ளைத் தோல் பிர்ச் மரம், மஞ்சளாகக் கொட்டும் எட்னா ஜெனிஸ்டா, எரிமலைச் சாம்பலில் முள்மெத்தை போல் குந்தியிருக்கும் அஸ்திராகலஸ். அதற்கு மேலே அரிதாகிக்கொண்டே போய், கடைசியில் வெறும் கல்.

இவையெல்லாம் பார்த்த பின்னும் ஆசை அடங்கவில்லையென்றால் மதோனியே மலைகள் இருக்கின்றன. கஸ்தெல்புவோனோ, பொல்லீனா ஊர்களில் ஜூலை முதல் செப்டம்பர் வரை ஒருவகை ஆஷ் மரத்தின் பட்டையைக் கீறி, வழியும் பாலை வெயிலில் உறைய வைத்து, மன்னா என்று விற்கிறார்கள். பனங்கற்கண்டை நினைவுபடுத்தும் மென்மையான இனிப்பு. அதே மலைகளில் நெப்ரோதி ஃபர் என்ற ஊசியிலை மரம் இருக்கிறது. உலகத்தில் வேறெங்கும் காட்டில் இல்லை. வளர்ந்த மரங்கள் முப்பது சொச்சம்தான். வேலிக்கு வெளியே நின்று பாருங்கள்.

பால்கனிக்கு

மே மாதத்தில் ஆசை ஆசையாக வாங்கி ஜூலையில் சாகடிப்பது என் பழைய வழக்கம். ரோஸ்மேரி, லாவண்டர், எலுமிச்சை போன்றவற்றை அக்டோபரில் நடுங்கள். குளிர்கால மழையிலேயே வேர் பிடித்துக்கொள்ளும். துளசி போன்ற பேசிலை மட்டும் ஏப்ரலுக்கு மேல். தொட்டி எலுமிச்சைக்குக் கோடையில் மாலை தவறாமல் தண்ணீர்; ரோஸ்மேரிக்கு அந்த அன்பைக் காட்டினால் அழுகிவிடும்.

ஊரிலிருந்து கறிவேப்பிலைக் கன்றைப் பெட்டியில் மறைத்துக் கொண்டுவர வேண்டாம். 2019 டிசம்பரிலிருந்து ஐரோப்பிய ஒன்றியத்துக்குள் உயிருள்ள செடி எதுவும் தாவர நலச் சான்றிதழ் இல்லாமல் வரக் கூடாது. அதிலும் கறிவேப்பிலை எலுமிச்சைக் குடும்பம். எலுமிச்சைத் தோப்புகளை அழிக்கும் ஒரு நோயைப் பரப்பும் சிறு பூச்சி கறிவேப்பிலையில் குடியிருக்கும். தோப்பையே நம்பி இருக்கும் தீவு இது. ஐரோப்பாவுக்குள்ளேயே வளர்த்த கன்று நர்சரிகளில் கிடைக்கும், விலை கொஞ்சம் உறைக்கும். நவம்பரில் அதை வீட்டுக்குள் எடுத்துக்கொள்ளுங்கள்.

பொமேலியாவை மட்டும் காசு கொடுத்து வாங்காதீர்கள். பக்கத்து வீட்டில் ஒரு கிளை கேளுங்கள், பலேர்மோவில் அப்படித்தான் கைமாறும். வெட்டிய இடத்துப் பால் காயும்வரை ஒன்றிரண்டு வாரம் நிழலில் போட்டுவையுங்கள். ஏப்ரல், மே மாதத்தில் மணல் கலந்த மண்ணில் நடுங்கள். குளிர்காலத்தில் இலையெல்லாம் கொட்டி வெறும் கம்பாக நிற்கும், செத்துவிட்டது என்று பிடுங்காதீர்கள், தண்ணீரும் ஊற்றாதீர்கள். ஒவ்வொரு கிளை நுனியிலும் பாதி முட்டை ஓடு ஒன்றைத் தொப்பி போல் கவிழ்த்து வைக்க வேண்டும், நுனிக்குருத்தைக் குளிர் தின்னாமல் இருக்க. அதனால் டிசம்பரில் இந்த வீட்டில் ஆம்லெட் போட்டால் ஓட்டைப் பார்த்துத்தான் உடைக்கிறோம்.